வேட்பாளரின் வீட்டுக்காரர்

அத்தியாயம் பதினொன்று

காலை ஆறரைக்கே தாணுமாலயன் குளித்து, விபூதி பூசி, வெள்ளை வேட்டி கட்டி, சட்டைப்பையில் இரண்டு பேனாவைக் குத்திக்கொண்டு, சாப்பாட்டு மேசையில் ஃபைலை விரித்து உட்கார்ந்துவிட்டார். பார்க்கிறவர்கள் அவர்தான் தேர்தலில் நிற்கப்போகிறார் என்று சத்தியம் செய்வார்கள்.

நிற்கப்போவது அவர் மனைவி பொன்செல்வி. அவள் அடுப்படியில் புட்டுக்குழலில் தேங்காய்ப்பூ போட்டுக்கொண்டிருந்தாள். நிற்பதாக இன்னும் அவள் வாய் திறந்து சொல்லவில்லை. இந்த ஒரு வாரமாக வீட்டில் யாரும் பேசாமல் சுற்றி நடந்துபோகிற விஷயமும் அதுதான்.

திருவனந்தபுரம் சாலைக் கடைத்தெருவில் பாத்திரக்கடை வைத்திருக்கும் தாணுமாலயனுக்கு, குடியிருக்கும் ஸ்ரீவராகம் பக்கத்தில் ஒருநாள் கவுன்சிலராகிவிட வேண்டும் என்பது இருபத்திரண்டு வருஷத்து ஆசை. சாக்கடை அடைத்தாலும் தெருவிளக்கு அணைந்தாலும் முதலில் போய் நிற்கிற மனுஷர். மூன்று தேர்தலில் கட்சி வேறு யாருக்கோ சீட்டைக் கொடுத்தது. இந்தத் தடவை தப்பாது என்று இருந்தபோது, குலுக்கலில் வார்டு பெண்களுக்கென்று வந்துவிட்டது.

போன வாரம் கட்சியின் பகுதிச் செயலாளர் நாகேஸ்வரன் வீட்டுக்கே வந்தார். காப்பி குடித்தார். "தாணு, உன் வீட்டுக்காரி நிக்கட்டும்" என்று சொல்லிவிட்டு, வாசலில் தாணுமாலயனிடம் தனியாக ஐந்து நிமிஷம் பேசிவிட்டுப் போனார். அன்றிலிருந்து தாணுமாலயன் ஓடுகிற ஓட்டம் தெருவே பார்த்த ஓட்டம்.

இன்று கடைசி நாள். மூன்று மணிக்குள் மனு கொடுத்தாக வேண்டும்.

"செல்வி, இஞ்ச வா. ஒரு நிமிஷம்."

முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். ஃபாரம் முழுக்க அவர் கையெழுத்து. ஆங்கிலப் பெரிய எழுத்தில் கட்டம் கட்டமாக நிரப்பியிருந்தார். அங்கங்கே பென்சிலால் சின்னச் சின்னப் பெருக்கல் குறிகள்.

"நீ ஒண்ணும் பண்ண வேண்டாம் கேட்டியா. எல்லாம் நான் எழுதியாச்சு. குறி போட்ட இடத்துல உன் கையெழுத்து. ஒப்பு மட்டும் போட்டா மதி, அது போதும்."

பொன்செல்வி ஒரு தாளைப் புரட்டினாள். "இது உங்க போன் நம்பர்லா?"

"ஆமா. நூறு பேர் கூப்பிடுவான். உனக்கு எதுக்குத் தொந்தரவு?"

பிறகு செல்போனை நீட்டினார். போஸ்டர். ஒரு பக்கம் கைகூப்பியபடி பொன்செல்வி. மறுபக்கம், மாலையும் சால்வையுமாகத் தாணுமாலயன்.

"உங்க படம் பெருசா இருக்கு."

"அது மாலை போட்டிருக்கதனால அப்படித் தெரியுது. ரெண்டும் ஒரே சைஸ்தான்."

அவள் சிரிக்கவில்லை. பென்சில் குறியையே பார்த்துக்கொண்டு நின்றாள். சுசீந்திரத்தில் அவளுடைய அப்பாவும் இப்படித்தான் குறி போட்டுக் கொடுப்பார். அம்மா என்ன ஏது என்று கேட்டதில்லை. எந்தப் பேனாவில் போடவேண்டும் என்று மட்டும் கேட்பாள். பி.எஸ்ஸி. கணக்குப் படித்துக்கொண்டிருந்த பொன்செல்வி அதைப் பார்த்து அம்மாவிடம் சண்டை போட்டிருக்கிறாள். இப்போது அவளுக்கு நாற்பத்தெட்டு வயது.

"புட்டு ஆறிடும். சாப்பிடுங்க" என்றாள். பேனாவைத் தொடவில்லை.

அப்போது வாசலில் ஒரு குரல். "செல்வியக்கா இருக்காவளா?"

காலிக் குடத்தை இடுப்பில் வைத்தபடி ஜெபமலர் நின்றாள். சாத்தான்குளம் பக்கத்துப் பெண். ஓட்டல் ஒன்றில் காய் நறுக்குகிற வேலை. குளத்துக்குப் பின்னால் இருக்கிற லைன் வீட்டில் அவளோடு பதினோரு குடும்பங்கள்.

தாணுமாலயன் புட்டை விட்டுவிட்டு எழுந்தார். "என்னம்மா விஷயம்? என்கிட்ட சொல்லு."

"இல்ல அண்ணாச்சி. அக்காகிட்டதான் சொல்லணும்."

"நான் என்ஜினீயருக்கு இப்பவே போன் போடுதேன்."

"போன தடவையும் போட்டிய அண்ணாச்சி" என்றாள் ஜெபமலர், மரியாதையாகவே. "அக்கா எழுதிக் கொடுத்த காயிதத்துக்குப் பொறவுதான் தெருவிளக்கு எரிஞ்சுது."

தாணுமாலயன் மறுபடி உட்கார்ந்தார். அந்த விளக்கு தன் போனால்தான் எரிந்தது என்று ஆறு மாதமாகக் கடையில் வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார்.

பொன்செல்வி அதற்குள் செருப்பை மாட்டிவிட்டாள்.

"செல்வி, மனு..."

"மூணு மணி வரைக்கும் டைம் இருக்குல்லா? இந்தப் பிள்ளைக வீட்டுல மூணு நாளா தண்ணி இல்ல."

கேபிள் பதிக்க வந்தவர்கள் தோண்டிய குழியில் குடிதண்ணீர்க் குழாய் உடைந்திருந்தது. உடைத்தவர்கள் அதன்மேல் மண்ணைத் தள்ளிவிட்டு அடுத்த குழிக்கு நகர்ந்திருந்தார்கள். பைக்கில் சாய்ந்தபடி சூப்பர்வைசர் ஒருவன் போனில் பேசிக்கொண்டிருந்தான்.

பொன்செல்வி அவன் பேசி முடிக்கும்வரை நின்றாள். பிறகு மலையாளத்தில் கேட்டாள். "மோனே, பேரு என்ன?"

"ஜிபின். ஏன் சேச்சி?"

"இந்தக் குழி நீங்க தோண்டினதுதானே?"

"எங்க வேலை கேபிள் சேச்சி. பைப்பு எங்க வேலை இல்லை."

"சரி. அதையே எழுதிடலாம்." கைப்பையிலிருந்து நோட்டை எடுத்தாள். தேதி, நேரம், குழாய் உடைந்த இடம், வேலை செய்கிற நிறுவனத்தின் பெயர், 'குழாயைச் சரிசெய்வது எங்கள் வேலை இல்லை என்று சூப்பர்வைசர் ஜிபின் சொன்னார்' என்ற வரி. எல்லாவற்றையும் உருண்டை உருண்டையான மலையாள எழுத்தில் எழுதி, நோட்டையும் பேனாவையும் அவன் முன்னால் நீட்டினாள். "இதுல ஒரு ஒப்பு போடு. வேற ஒண்ணும் வேண்டாம்."

ஜிபின் வரியைப் படித்தான். இரண்டாம் தடவையும் படித்தான். "சேச்சி, ஒரு அரைமணிக்கூர் தாங்க. பிளம்பரை வரவழைக்கறேன்."

"நான் இஞ்சதான் நிப்பேன்."

நாகர்கோவிலில் படித்தவளுக்கு அந்த எழுத்து எப்படி வந்தது என்பது தாணுமாலயனுக்குத் தெரியும். மகள் ஸ்ரீப்ரியா எல்.கே.ஜி.யில் 'அ' எழுதிப் பழகியபோது, பக்கத்தில் இன்னொரு சிலேட்டு வைத்து அவளும் எழுதிப் பழகினாள். தாணுமாலயன் பிறந்து வளர்ந்ததே திருவனந்தபுரம்தான். ஆனால் படித்தது தமிழ்ப் பள்ளிக்கூடத்தில். மலையாளத்தில் நாள் முழுக்கப் பேசுவார். எழுதச் சொன்னால் வேர்த்துவிடும். வார்டுக்காக அவர் கொடுத்த மனுக்கள் எல்லாமே பொன்செல்வி எழுதி, அவர் ஒப்பு போட்டவை.

அந்த மனுஷர் இப்போது ஃபைலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தெருவின் எதிர்ப்பக்கம் நின்றிருந்தார். என்ஜினீயர் போனை எடுக்கவில்லை. குழிக்குள் இறங்கிய பிளம்பர், வெளியே குடத்தோடு நின்ற பதினோரு பெண்கள், நடுவில் குடையைப் பிடித்தபடி பொன்செல்வி. அவர் இருப்பதை யாரும் கவனிக்கவில்லை.

பத்தே காலுக்குக் குழாயில் காற்று சீறியது. பிறகு மண் கலந்த தண்ணீர், பிறகு தெளிந்த தண்ணீர். ஜெபமலர் முதல் குடத்தை நிறைத்துக்கொண்டு சிரித்தாள்.

அந்த நேரத்தில்தான் தாணுமாலயனின் போன் அடித்தது. ஸ்ரீப்ரியா. வஞ்சியூர் கோர்ட்டில் ஜூனியர் வக்கீல். எதிர்த்து யார் யார் மனு கொடுத்திருக்கிறார்கள் என்று தேர்தல் அதிகாரி அலுவலகத்தில் பார்த்துவரச் சொல்லி அவளை அனுப்பியிருந்தார்.

"அப்பா, உக்காந்திருக்கீங்களா?"

"நிக்கேன்."

"உக்காருங்க."

"விஷயத்தைச் சொல்லு மக்களே."

"போர்டுல லிஸ்ட் ஒட்டியிருக்கு. நேத்து ஒரு சுயேச்சை மனு வந்திருக்கு. பேரு நாச்சியார். வயசு அறுபத்திநாலு."

"வேற யாராவது நாச்சியாரா இருக்கும்."

"வீட்டு நம்பர் அத்தை வீட்டு நம்பர் அப்பா."

அங்கே கேபிள் சுற்றிவைத்திருந்த பெரிய மர உருளை ஒன்று இருந்தது. தாணுமாலயன் அதன்மேல் உட்கார்ந்தார்.

நாச்சியார் அவருடைய அக்கா. ஒரே அக்கா. அப்பா போனபோது தாணுவுக்கு ஒன்பது வயது. மறு வருஷம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராகச் சேர்ந்த நாச்சியார், தலையில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு முப்பத்தெட்டு வருஷம் வேலை பார்த்தாள். தம்பியைப் படிக்கவைத்தாள், கடை வைத்துக்கொடுத்தாள், கல்யாணம் செய்துவைத்தாள். தனக்கென்று செய்துகொள்ளவில்லை. ரிட்டயர் ஆன பிறகு நான்கு தெரு தள்ளி ஒரு மாடிவீட்டில் தனியாக இருக்கிறாள். தம்பி வீட்டில் மீன்குழம்பு வைத்தால் ஒரு தூக்கு அவளுக்குப் போகும்.

"எங்க அக்கா எனக்கு எதிரா நிக்கா செல்வி" என்றார்.

பொன்செல்வி போனை வாங்கி, மகளிடம் இரண்டு வார்த்தை கேட்டுவிட்டு வைத்தாள். "உங்களுக்கு எதிரா இல்ல. எனக்கு எதிராத்தான் நிக்காங்க."

தாணுமாலயன் அவளை நிமிர்ந்து பார்த்தார். அப்படி ஒரு கணக்கு இருக்கிறது என்று அவருக்குத் தோன்றியிருக்கவே இல்லை.

"நான் போய் மைனியப் பாத்துட்டு வாறேன்."

"நானும் வாறேன். நேருக்கு நேரா கேக்கேன்."

"நீங்க வந்தா சண்டையாகும். ரெண்டு பேரும் அழுவீங்க. பொறவு எனக்குத்தான் வேலை."

"மூணு மணி செல்வி!"

"தெரியும். வாட்ச் கட்டியிருக்கேன். நீங்க ஆபீஸுக்குப் போய் ஸ்ரீப்ரியாகூட இருங்க."

குழியை மூடும்வரை நின்றுவிட்டு, மதியம் ஒரு மணிக்குப் பொன்செல்வி போய்ச் சேர்ந்தபோது நாச்சியார் சேலைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். கதவு திறந்தே கிடந்தது.

"வா செல்வி. உன்னைத்தான் எதிர்பார்த்துட்டு இருந்தேன். சம்பாரம் குடி. வெயில்ல வந்திருக்கே."

பொன்செல்வி மோரை வாங்கவில்லை. "என்ன மைனி இது?"

"எது?"

"தெரியாத மாதிரி பேசாதீங்க."

நாச்சியார் இஸ்திரிப்பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். "நம்ம சேஷன் பிரஸ்ஸில போஸ்டர் அடிக்க வந்திருக்கு. தமிழ் சரியா இருக்கான்னு பாக்க எனக்கு அனுப்பினான். நான் கண்ணாடியப் போட்டுப் பாத்தேன். தாணு நிக்கான். பக்கத்துல நீயும் நிக்கே. யாருக்கு வோட்டுன்னு வாசிச்சுப் பாத்தாத்தான் தெரியுது."

"அதுக்காக?"

"அதுக்காகத்தான். தம்பிகிட்ட கேட்டேன், செல்வி என்னடா சொல்லுதான்னு. 'அவ என்ன சொல்லப்போறா, ஒப்பு போட்டா மதி'ங்கான். இதைக் கேக்கவா நான் அந்தக் காலத்துல நைட் டூட்டி முடிஞ்சு, வெளுக்குமுன்ன தெருவுல நடந்து வந்தேன்? ஜன்னலுக்கு ஜன்னல் நின்னு பாப்பாங்க செல்வி. எங்க போயிட்டு வாறான்னு பாப்பாங்க." மூச்சு வாங்கினாள். "என்னைப் பொண்ணு பாக்க மூணு பேர் வந்தான். முதல் ஆளு நைட் டூட்டி வேண்டாம்னான். ரெண்டாவது ஆளு வேலையே வேண்டாம்னான். மூணாவது ஆளு தங்கமான மனுஷன். வேலைக்குப் போகட்டும், அதுக்கு முன்ன ஒவ்வொரு நாளும் எங்க அம்மாகிட்ட சொல்லிட்டுப் போகட்டும்னான்."

வேறொரு நாளாக இருந்தால் பொன்செல்வி சிரித்திருப்பாள்.

"பேருக்கு ஒரு பொம்பளை, நாற்காலியில ஒரு ஆம்பளைன்னா அதுக்கு இந்த வார்டை அவங்களே வச்சுக்கிட்டிருக்கலாம்லா? அதான் நான் நிக்கேன். ஜெயிக்கமாட்டேன். ஆனா அவன் வோட்டு கேக்கப் போற வீட்டுக்கெல்லாம் நானும் போவேன்."

பொன்செல்வி நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். குழியோரம் நின்றபோது பட்ட செம்மண் அவள் காலில் இன்னும் ஒட்டியிருந்தது.

"மைனி, அவர் என்கிட்ட கேக்கல. சரி. நீங்க கேட்டீங்களா?"

"என்னது?"

"எனக்கு நிக்க ஆசை இருக்கா இல்லையான்னு. பாத்திரக் கடைக்காரரும் கேக்கல, அவர் அக்காவும் கேக்கல. நேரா போய் மனு கொடுத்துட்டு வந்து இஸ்திரி போட்டுட்டு இருக்கீங்க. எனக்காகத்தான் எல்லாரும் எல்லாம் செய்யுதீங்க. நான் எங்க இருக்கேன் இதுல?"

நாச்சியார் முப்பத்தெட்டு வருஷம் அடுத்தவர்கள் பேச இணைப்புக் கொடுத்தவள். சுவிட்சை அணைத்துவிட்டு எதிரில் வந்து உட்கார்ந்தாள்.

"தப்புதான். இப்ப கேக்கேன். உனக்கு வேணுமா?"

பொன்செல்விக்குக் கண் நிறைந்துவிட்டது.

"வேணும் மைனி. ரொம்ப வேணும். அதான் வாயைத் திறக்கப் பயமா இருக்கு. இன்னிக்குக் காலையில அந்தப் பைப்புல தண்ணி வந்தப்போ, இதை நாளைக்கும் செய்யணும்னு தோணிச்சு. ஆனா இது அவரோட ஆசைலா? இருபத்திரண்டு வருஷம் வெயில்ல நடந்தது அவரு. அவர் தட்டுல இருக்கதை எடுத்துச் சாப்பிடுத மாதிரி இருக்கு. வேண்டாம்னு சொன்னா அவர் மனசு உடையும். வேணும்னு சொன்னா அதைவிட அதிகமா உடையும். அதான் ஒரு வாரமா புட்டும் தோசையும் சுட்டுட்டு இருக்கேன்."

நாச்சியார் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "இதை என்கிட்ட சொல்லி என்ன பிரயோஜனம்? அவன்கிட்ட சொல்லு. கோவப்படுவான். ரெண்டு நாள் சரியா சாப்பிடமாட்டான். பொறவு தாங்கிக்குவான். என் தம்பியைப் பத்தி உனக்குத் தெரியாதா?"

"தெரியும்."

"உன் கையால எழுதி, உன் நம்பரைப் போட்டு மனு கொடு. நான் வாபஸ் வாங்கிடுதேன். திங்கக்கிழமை வரைக்கும் டைம் இருக்கு. இப்பவாவது மோரைக் குடி."

பொன்செல்வி மோரை ஒரே மூச்சில் குடித்தாள். மணி ஒன்று நாற்பது.

தேர்தல் அதிகாரி அலுவலக வராந்தாவில் கூட்டம் நெரிந்தது. மாலை போட்டவர்கள், மாலையைப் பிடித்துக்கொண்டிருப்பவர்கள், செல்ஃபி எடுப்பவர்கள். ஓரத்தில் இருந்த பெஞ்சில் ஃபைலை மடியில் வைத்துக்கொண்டு தாணுமாலயன். பக்கத்தில் கறுப்புக் கோட்டோடு ஸ்ரீப்ரியா.

"அம்மா வந்தாச்சு!" ஸ்ரீப்ரியா துள்ளி எழுந்தாள். "ரெண்டு அஞ்சு. டோக்கன் வாங்கி வச்சிருக்கேன்."

"புது ஃபாரம் ஒண்ணு வாங்கிட்டு வா ப்ரியா."

மகள் ஒரு கணம் அம்மாவைப் பார்த்தாள், ஒரு கணம் அப்பாவைப் பார்த்தாள். "அடிபொளி, சூப்பர்" என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டு ஓடினாள்.

பொன்செல்வி கணவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"அக்கா என்ன சொன்னா?"

"அப்பறமா சொல்லுதேன். முதல்ல நான் ஒண்ணு சொல்லணும். நடுவுல பேசாதீங்க. பேசினா எனக்கு வராது."

அவர் தலையாட்டினார்.

"எனக்கு இது வேணும். உங்களுக்காக இல்ல. கட்சி சொன்னதுக்காகவும் இல்ல. எனக்கே வேணும். ஜெயிச்சா நான்தான் ஆபீஸுக்குப் போவேன். நான்தான் மீட்டிங்ல பேசுவேன். போன் என் கையில இருக்கும். ஒப்பு மட்டும் போடச் சொன்னா போடமாட்டேன். அப்படின்னா வீட்டுக்குப் போயிடலாம்."

வராந்தாவில் யாரோ ஒரு தலைவருக்கு ஜே போட்டார்கள். தாணுமாலயன் ஃபைலின் நாடாவை அவிழ்த்தார், கட்டினார், மறுபடி அவிழ்த்தார்.

"நாகேஸ்வரன் அன்னிக்கு வாசல்ல வச்சு என்ன சொன்னாருன்னு தெரியுமா?"

"தெரியாது. நீங்க சொல்லல."

"வார்டு பொதுவா வந்திருந்தாலும் எனக்குத் தந்திருக்கமாட்டாங்களாம்." அவர் தரையைப் பார்த்துக்கொண்டே பேசினார். "நான் நேரா கேட்டேன், ஏன்னு. 'தாணு நல்ல ஆளு. ஆனா அந்த மனுவெல்லாம் யாரு எழுதுதான்னு எங்களுக்குத் தெரியும்'னாரு. சிரிச்சுட்டே சொன்னாரு. அதனால தாங்கமுடியல."

பொன்செல்வி அவரைத் திரும்பிப் பார்த்தாள். ஒரு வாரம். இதை உள்ளே வைத்துக்கொண்டா இந்த மனுஷர் ஃபாரம் நிரப்பினார், போட்டோவுக்கு மாலை போட்டு நின்றார்?

"என்கிட்ட சொல்லியிருக்கலாம்லா?"

"எப்படிச் சொல்ல? உன்னைப் பாத்து அசூயைப்பட்டேன் செல்வி. கட்டின பொண்டாட்டியப் பாத்து." மூக்கை உறிஞ்சினார். "காலையில அந்தக் குழிப்பக்கம் நின்னப்போ இன்னும் கூடுதலாச்சு. பொறவு தண்ணி வந்துச்சுல்லா, அந்தப் பிள்ளை சிரிச்சா பாரு... அப்ப குறைஞ்சுது. முழுசா போகல. சும்மா சொல்லமாட்டேன். கொஞ்சம் இருக்கு."

"இருக்கட்டும்" என்றாள் பொன்செல்வி. "இருபத்திரண்டு வருஷம் நடந்த காலு. வலி இருக்கத்தான் செய்யும்."

அவர் தோளோடு தோள் சாய்த்து ஒரு நொடி உட்கார்ந்தாள். கூட்டத்தில் யாரும் பார்க்கவில்லை. பார்த்தாலும் அவள் எழுந்திருக்கமாட்டாள்.

ஸ்ரீப்ரியா புது ஃபாரத்தோடு வந்தாள். பெஞ்சையே மேசையாக்கி, தரையில் சம்மணமிட்டுப் பொன்செல்வி எழுத ஆரம்பித்தாள். மலையாளத்தில், வேகமாக, ஒரு அடித்தல் இல்லாமல். போன் நம்பர் கட்டத்தில் தன் நம்பர். கணவர் பெயர் என்ற கட்டத்தில் அவர் பெயர்.

"முன்மொழியறவர்னு ஒரு கட்டம் இருக்கும்மா" என்றாள் ஸ்ரீப்ரியா. "அந்த வார்டுல வோட்டு இருக்கணும். யாரைப் போடட்டும்?"

பொன்செல்வி பேனாவைக் கணவரிடம் நீட்டினாள். "எனக்கு வேண்டி யாரு சொல்லுவாங்க?"

தாணுமாலயன் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். தேர்தல் ஃபாரத்தில் தன் பெயரை எழுத இருபத்திரண்டு வருஷம் காத்திருந்தவர். எழுதினார். நினைத்திருந்த கட்டம் அதுவல்ல. ஆனால் நிதானமாக, எழுத்து எழுத்தாக எழுதி, ஒப்பும் போட்டார்.

இரண்டு ஐம்பதுக்கு டோக்கன் கூப்பிட்டார்கள். அதிகாரி ஃபாரத்தை வரி வரியாகப் பார்த்தார். பிறகு உறுதிமொழித் தாளை நீட்டினார். "உரக்க வாசிக்கணும் மேடம்."

முதல் வரியில் பொன்செல்வியின் குரல் நடுங்கியது. தன் பெயரை, தனியாக, முழுசாக ஒரு அறைக்குள் சத்தமாகச் சொல்லி எத்தனை வருஷம் ஆயிற்று என்று அவளுக்கே நினைவில்லை. கல்லூரியில் அட்டெண்டன்ஸ் எடுத்தபோதாக இருக்கும். இரண்டாவது வரியில் நடுக்கம் நின்றது. கடைசி வரியை அவள் தாளைப் பார்க்காமல், அதிகாரியைப் பார்த்துச் சொன்னாள்.

அவர் ரசீதைக் கிழித்துக் கொடுத்தார். நேரம் என்ற இடத்தில் 2.56 என்று எழுதியிருந்தார்.

வெளியே வந்ததும் ஸ்ரீப்ரியா அம்மாவைக் கட்டிக்கொண்டாள். தாணுமாலயன் தொண்டையைச் செருமினார்.

"அந்தப் போஸ்டர்ல என் படத்தைக் கொஞ்சம் சின்னதாக்கச் சொல்லுதேன்."

"படம் வேண்டாம்."

"ஓரமா? ஸ்டாம்பு சைஸ்ல?"

"வேண்டாம்." பொன்செல்வி சிரித்துவிட்டாள். "படம் வேண்டாம், ஆளு வேணும். வீட்டுக்கு வீடு ஏறிப் பேச உங்களை மாதிரி எனக்கு வராது. எந்த வீட்டுல யாருக்குக் கல்யாணம், யாருக்கு முட்டு வலின்னு உங்களுக்குத்தானே தெரியும்? கூட வாறீங்களா?"

"வராம? சாயந்திரமே தொடங்கலாம். குளத்துத் தெருவில இருந்து..." அவர் முகத்தில் பழைய வெளிச்சம் வந்தது. கையைக் காட்டிக்காட்டித் தெருக்களை எண்ண ஆரம்பித்துவிட்டார்.

கேட்டுக்கு அருகே ஒரு ஆட்டோ நின்றது. இஸ்திரி போட்ட அதே சேலையைக் கட்டிக்கொண்டு நாச்சியார் இறங்கினாள்.

"மனு கொடுத்தாச்சா?"

"கொடுத்தாச்சு மைனி. என் கையால எழுதி."

"நல்ல காரியம்." நாச்சியார் அவள் கன்னத்தைத் தட்டினாள். தம்பியின் தலையை வருடினாள். பிறகு கைப்பையின் வாரைச் சரிசெய்துகொண்டு, அவளுக்கு வழக்கமில்லாத ஒரு தயக்கத்தோடு நின்றாள்.

"செல்வி, உன்கிட்ட ஒண்ணு சொல்லணும். நான் வாபஸ் வாங்குதேன்னு சொன்னேன்லா?"

"ஆமா. திங்கக்கிழமை."

"வாங்கல."

தாணுமாலயனின் தெரு எண்ணிக்கை பாதியில் நின்றது.

"நீ போன பொறவு யோசிச்சேன். நீ கேட்ட கேள்வி காதுலயே நிக்குது. உன்கிட்ட கேட்டேன், வேணுமான்னு. என்கிட்ட யாரும் கேக்கலியே. நானே கேட்டுப் பாத்தேன்." நாச்சியார் வெட்கப்பட்டாற்போல் சிரித்தாள். "நேத்து உள்ள போய் அந்த உறுதிமொழிய வாசிச்சப்போ எனக்கு அது ரொம்பப் பிடிச்சுப்போச்சு செல்வி. இவனைச் சீண்டணும்னுதான் போனேன். ஆனா இப்ப எனக்கும் வேணும். வீடு வீடா போவேன். நல்லா நிப்பேன். உனக்குச் சங்கடமா இருக்குமா?"

பொன்செல்வி நாச்சியாரின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள்.

"சங்கடமாத்தான் இருக்கும். ஆனா நில்லுங்க. நான் விடமாட்டேன், பாத்துக்கோங்க."

"விடாதே. விட்டா எனக்கு மரியாதை இல்ல."

"அத்தை, அப்போ மீன்குழம்பு?" என்றாள் ஸ்ரீப்ரியா.

"அது வேற, இது வேற. தூக்கு வரணும்."

மூன்று பெண்களும் சிரித்துக்கொண்டே ஆட்டோவை நோக்கி நடந்தார்கள். ஏறப்போன நாச்சியார் நின்று திரும்பினாள்.

"டேய் தாணு. நீ இன்னும் ஒண்ணும் சொல்லலியே. உன் வோட்டு யாருக்கு?"

அவர் மனைவியைப் பார்த்தார். அக்காவைப் பார்த்தார். பொன்செல்வியும் நடப்பதை நிறுத்திவிட்டு, பதிலுக்காக, புருவத்தை உயர்த்தி நின்றாள். ஸ்ரீவராகத்தில் ஒரு வீடு விடாமல் இருபத்திரண்டு வருஷம் கட்சிக்காக வோட்டு கேட்டு ஏறி இறங்கிய தாணுமாலயனிடம், வாழ்க்கையில் முதல் தடவையாக, இரண்டு பேர் சேர்ந்தாற்போல் வோட்டு கேட்டுக்கொண்டு நின்றார்கள்.

வாயைத் திறந்தார். ஆட்டோக்காரன்கூட இன்ஜினை அணைத்துவிட்டு அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.